'செம்ம வெயிட்டு': ஒரு தனிப்பாடலும் அதன் பின்னணியும்

மலர்க் குழு நண்பர் என்னை வழிமறித்துக் கேட்டது வேறொரு கட்டுரை. "எமோ ராக் என்று இளைஞர் உயிரை விடுகிறார்களே, அப்பாட்டு ஒன்றை எடுத்துக்கொண்டு அதன் பின்னணியை நம் மாணவர்க்கு விளக்கி எழுது" என்றார். ஒப்புக்கொண்டேன். இரண்டு தாள் எழுதியபின் பேனா வேறு வழியில் போய்விட்டது. அது போய் நின்ற இடம் மாஹிம் இரயில் நிலையத்தின் கிழக்குப் படிக்கட்டு. அங்கே எப்படிப் போயிற்று என்பதைச் சொன்னால் நண்பர் பொறுத்துக்கொள்வார் என்று நம்புகின்றேன்.

கேட்டதற்கு முதலில் சில சொல்வேன். 1980களின் நடுவில் அமெரிக்காவின் வாஷிங்டன் நகரில் இளைஞர் சிலர் ராக் இசையின் முரட்டு ஒலியை வேறு பயனுக்குக் கொண்டனர். அதற்குமுன் அந்நகரத்து முரட்டு இசை அரசைச் சாடும், சமுதாயத்தைச் சாடும். இவர்களோ அதே இரைச்சலை வைத்துக்கொண்டு தம் நெஞ்சின் நோவைப் பாடினர். 'ரைட்ஸ் ஆஃப் ஸ்பிரிங்' என்னும் குழு 1985இல் வெளியிட்ட இசைத்தட்டை இவ்வகையின் தொடக்கமாகக் கொள்வது வழக்கம். உணர்ச்சி என்று பொருள்படும் ஆங்கிலச் சொல்லின் தலையை மட்டும் வெட்டியெடுத்து 'எமோ' என்று பிறர் பெயர் வைத்தனர். பாடியவர்கள் அப்பெயரை விரும்பவில்லை என்பது வேறு கதை.

இவ்வகைப் பாட்டுகளின் பின்னணியைத் தேடிப் போனால் சுவையான செய்திகள் கிடைக்கின்றன. 2006இல் 'மை கெமிக்கல் ரொமான்ஸ்' குழுவினரின் 'வெல்கம் டு த பிளாக் பரேட்' என்னும் பாட்டு பிரிட்டனின் விற்பனைப் பட்டியலில் முதலிடத்துக்கு ஏறிற்று. நோயுற்றுச் சாகக் கிடக்கின்றான் ஒருவன். அவனிடம் சாவு வருகின்றது. எருமைமேல் ஏறி அன்று, ஓர் ஊர்வலமாக. சிறுவயதில் தந்தை கூட்டிச் சென்று காட்டிய ஊர்வலம் அது. அக்குழு தோன்றியதற்கும் ஒரு சாவுக்காட்சியே காரணம். 2001 செப்டம்பர் 11ஆம் நாள் நியூயார்க்கின் இரட்டைக் கோபுரங்கள் சரிந்ததைக் கண்ட ஜெரார்டு வே என்னும் இளைஞர், இனி வாழ்நாளை வேறு வகையில் செலவிட வேண்டும் என்று துணிந்து குழுவைத் தொடங்கினார்.

இவ்வளவு எழுதியதும் என் ஆச்சியின் நினைவு வந்தது. தன் நோவை மனத்துக்குள் பூட்டாமல், ஊர் கேட்க, உரத்த குரலில், தாளம் பிழையாமல் பாடுவது எமோ என்றால் ஒப்பாரி என்பது என்ன? திருநெல்வேலிச் சீமையில் சாவு வீட்டில் பெண்கள் வட்டமாக அமர்ந்து மார்பில் அடித்துப் பாடுவது அதுவேயன்றோ! மும்பைக்கும் இது புதிதன்று. காட்கோபரின் சிராக் நகர்க் குடிசையில் வாழ்ந்த மராத்திப் பாவலர் அண்ணாபாவ் சாத்தே (1920–1969), பிழைப்புக்காக நகரத்துக்கு வந்தவன் ஊரில் விட்டுவந்த மனைவியை எண்ணி ஏங்குவதாக ஒரு பாட்டுக் கட்டினார். கணவன் மனைவி பிரிவு, தனி மகாராட்டிரத்துக்காக நடந்த போராட்டத்தின் மேடைப் பாட்டாகவும் ஆயிற்று. அகம் எப்போது புறமாகின்றது என்று வகுப்பில் நாம் கேட்கும் கேள்விக்கு இதைவிட நல்ல சான்று எனக்குத் தெரியாது.

இப்படியிருக்க, பாட்டுத் தேடி நான் அமெரிக்கா போவானேன்? என் வீட்டு வாசலில் பிறந்த பாட்டு ஒன்று இருக்கின்றது. அது எமோ அன்று, ராக்கும் அன்று. ராப். அதன் பெயர் 'செம்ம வெயிட்டு'.

'சிங்கிள்' என்று இசை உலகினர் சொல்வதை நான் 'தனிப்பாடல்' என்றே எழுதுவேன். பழைய இசைத்தட்டின் ஒரு பக்கத்தில் ஏறத்தாழ மூன்று நிமிட இசையே அடங்கும். 1949இல் 45 சுற்றுச் சிறு தட்டு வந்தது. பக்கத்துக்கு ஒரு பாட்டு. தட்டு போய், ஒலிநாடா போய், இன்று கைப்பேசியில் வந்து விழும் ஒற்றைப் பாட்டுக்கும் அப்பெயரே நின்றுவிட்டது. நமக்கோ தனிப்பாடல் என்பது நெடுநாள் பழகிய சொல். ஒன்றை நினைத்துப் பாருங்கள்: காளமேகத்தின் தனிப்பாடலை யாராவது கதையில்லாமல் சொல்வதுண்டா? நாகைக் காத்தான் சத்திரத்தில் சோறு வரத் தாமதமான கதை இல்லாவிட்டால் அந்த வெண்பாவின் சுவையில் பாதி போயிற்று. காப்பியத்துக்கு உரை வேண்டும். தனிப்பாடலுக்குக் கதை வேண்டும். அக்கதையை இனிச் சொல்கின்றேன்.

பா. இரஞ்சித் இயக்கி, இரஜினிகாந்த் நடித்த 'காலா' திரைப்படம் 2018 சூன் 7ஆம் நாள் வெளிவந்தது. அதற்கு ஐந்து வாரம் முன்னதாக, மே 1ஆம் நாள், முதல் தனிப்பாடலாக வந்தது 'செம்ம வெயிட்டு'. இசை சந்தோஷ் நாராயணன். பாடியவர்கள் ஹரிஹரசுதனும் சந்தோஷ் நாராயணனும். பாட்டு எழுதியோர் என மூன்று பெயர்கள் காணப்படுகின்றன: அருண்ராஜா காமராஜ், லோகன், டோப்அடெலிக்ஸ். மூன்றாவது ஒரு மனிதரின் பெயர் அன்று. தாராவி இளைஞர்களின் ராப் குழு. டோனி செபாஸ்டியன், இராஜேஷ் இராதாகிருஷ்ணன் ஆகியோரைக் கொண்ட அக்குழு தமிழிலும் இந்தியிலும் மராத்தியிலும் ஆங்கிலத்திலும் பாடும். மேடையில் டோனிக்கு 'ஸ்டோனி சைக்கோ' என்றும் இராஜேஷுக்கு 'டோப் டாடி' என்றும் பெயர். புனைபெயர் வைத்துக்கொள்ளும் புலவர் மரபு நமக்குப் புதிதன்று ஆதலால் இதற்காக முகம் சுளிக்க வேண்டியதில்லை.

மே 1 உலகுக்குத் தொழிலாளர் நாள். எங்களுக்கு அது மகாராட்டிர நாளும் ஆகும். 1960இல் அன்றுதான் இம்மாநிலம் பிறந்தது. பள்ளி இல்லை. ஒன்பதாம் வகுப்பு முடித்து விடுமுறையில் இருந்தேன். எங்கள் கோலி பத்தடிக்குப் பன்னிரண்டடி. கோலி என்றால் ஓரறை வீடு. மராத்திச் சொல், எங்கள் வாயில் தமிழாகிவிட்டது. சித்தப்பா மேல்மாடியிலிருந்து இரும்பு ஏணிவழி இறங்கி வந்து கைப்பேசியை எவர்சில்வர் குடத்துக்குள் வைத்தார். ஒலிபெருக்கிக்கு நாங்கள் கண்ட மாற்று அது. முழக்கம் கோலியை நிறைத்தது. ராப் பகுதி வந்ததும் ஆச்சி பாக்கு இடிப்பதை நிறுத்தினாள்.

"ஏலே, யாருலே இது? ஏசுத மாதிரில்லா இருக்கு!"

"பாட்டு ஆச்சி. நம்ம தாராவிப் பசங்க."

சற்றுக் கேட்டாள். "ஏசுதான்தான். ஆனா தாளம் தப்பாம ஏசுதாம்லே" என்றாள்.

ராப் இசைக்கு இதைவிடச் சுருக்கமான இலக்கணத்தை நான் எந்நூலிலும் படித்ததில்லை.

ராப் பிறந்த கதையும் ஒரு கட்டடத்தின் கதையே. 1973 ஆகஸ்டு 11ஆம் நாள் நியூயார்க்கின் பிராங்ஸ் பகுதியில், செட்ஜ்விக் அவென்யூ 1520ஆம் எண் கட்டடத்தின் பொது அறையில் ஒரு விருந்து நடந்தது. ஜமைக்காவிலிருந்து வந்து குடியேறிய குடும்பத்தைச் சேர்ந்த கூல் ஹெர்க் என்னும் இளைஞர் இசைத்தட்டுகளைச் சுழற்றினார். பாட்டின் நடுவே வாய்ப்பாட்டு நின்று முரசு மட்டும் ஒலிக்கும் சிறு பகுதியை ஆடுவோர் விரும்பினர். இரண்டு தட்டுகளைக் கொண்டு அதையே மீண்டும் மீண்டும் ஒலிக்கச் செய்தார். அம்முழக்கத்தின்மேல் பேச்சை ஏற்றியதே ராப். கருவி வாங்கக் காசில்லாதவன் வாயையே கருவியாக்கிய கலை என்று சொல்லலாம். தமிழில் 1994இல் 'காதலன்' படத்துப் 'பேட்டை ராப்' அதன் சாயலைக் காட்டியது. மலேசியாவின் யோகி பி, நட்சத்திரா குழுவினர் 2006இல் 'வல்லவன்' இசைத்தொகுப்பால் அதற்குத் தனி நிலை தேடித் தந்தனர். மும்பையில் 2015இல் டிவைன், நேசி இருவரும் பாடிய 'மேரே கல்லி மே' வந்தபின், கல்லி, அதாவது சந்து, ஓர் இசைவகைக்கே பெயராயிற்று.

டோப்அடெலிக்ஸ் குழுவுக்கு மராத்தித் தலைப்பில் ஒரு பாட்டு உண்டு: 'ஆயி சப்பத் சாகேப் மீ நவ்தோ'. 'அம்மாமேல் ஆணை ஐயா, அது நானில்லை' என்று பொருள். காவலர் முன் நிற்கும் தெருப் பையனின் சொல் அது. அத்தலைப்பை நான் சிரிப்போடு படிக்கவில்லை. மாலை ஏழு மணிக்குமேல் நாக்காவில் மூவர் சேர்ந்து நின்றால் அச்சொல்லை ஒருமுறையாவது சொல்ல நேரும் வயது ஒன்று எங்கள் பக்கத்துப் பையன்கள் எல்லோருக்கும் உண்டு.

இனிப் பாட்டின் நிலத்தைப் பார்ப்போம். முதற்பொருள் நிலமும் பொழுதும் என்பது நமக்குப் பாலபாடம். மும்பை ஏழு தீவாக இருந்த நாளில் மாஹிம் அவற்றுள் ஒன்று. அதன் கிழக்கே, கழிமுகத்தின் சேற்றை ஒட்டி மீன்பிடிக்கும் கோலி மக்கள் வாழ்ந்த சிற்றூர் தாராவி. நகரத்திலிருந்த தோல் பதனிடும் தொழில் 1887 அளவில் இங்குப் பெயர்ந்தது. பாந்திராவில் இறைச்சிக் கூடம் அருகே இருந்ததால் தோலுக்குப் பஞ்சமில்லை. நாற்றம் நகரத்தாரின் மூக்கை எட்டாத தொலைவு. திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து தமிழர் வந்தனர், இசுலாமியரும் ஒடுக்கப்பட்ட மக்களுமாக. குஜராத்திலிருந்து குயவர் வந்து கும்பார்வாடா அமைத்தனர். 1913இல் தமிழர் எழுப்பிய பிள்ளையார் கோயில் தாராவியின் மிகப் பழைய இந்துக் கோயில் எனப்படுகின்றது. இறைச்சிக் கூடம் 1971இல் தேவனாருக்குப் போயிற்று. தோல் பதனிடும் தொட்டிகளும் பின்னர் மெல்ல மறைந்தன. தோற்பை தைக்கும் வேலை மட்டும் இன்றும் நடக்கின்றது. என் தாத்தா தொட்டியில் நின்றவர். அப்பா தையல் எந்திரத்தின்முன் அமர்ந்திருப்பவர். ஆச்சி சொல்வாள், தாத்தாவின் கால் எந்தச் சோப்புக்கும் நிறம் மாறாது என்று.

சேற்றில் குப்பை கொட்டி மேடாக்கி அதன்மேல் குடிசை போட்டவர்கள் இம்மக்கள். மேடாகும்வரை அந்நிலம் யாருக்கும் வேண்டாததாக இருந்தது. ஏறத்தாழ இரண்டு சதுர கிலோமீட்டருக்குச் சற்று மிகுந்த பரப்பு. அதில் வாழ்வோர் ஆறு இலட்சம் என்பாரும் உளர். பத்து இலட்சம் என்பாரும் உளர். 1976இல் அரசு குடிசைகளைக் கணக்கெடுத்துப் புகைப்படத்தோடு அட்டை கொடுத்தது. ஆச்சி அந்தப் போட்டோபாஸை இன்றும் பிளாஸ்டிக் உறையில் போட்டு அரிசிப் பானைக்கு அடியில் வைத்திருக்கின்றாள். படத்தில் அவளுக்கு என் வயது.

'காலா'வின் கதையும் நிலத்தின் கதையே. திருநெல்வேலி வழிவந்த கரிகாலன் என்னும் தாராவித் தலைவன், மக்களை அகற்ற முனையும் அரசியல்வாதி ஹரி தாதா; இருவருக்கும் இடையே பகை. இதற்கு முன்பும் நம் பக்கத்தைத் தமிழ்ச் சினிமா பார்த்ததுண்டு. 1987இல் மணிரத்னத்தின் 'நாயகன்', மாட்டுங்கா, தாராவிப் பகுதிகளில் செல்வாக்குடன் விளங்கிய வரதராஜன் முதலியாரின் வாழ்க்கையைத் தழுவி வந்தது. அதன் சிறப்பை நான் குறைத்துச் சொல்லவில்லை. இளையராஜாவின் இசையைக் குறைசொல்ல நான் யார்? ஆயினும் அதில் எங்களுக்காகப் பாடிய குரல்கள் சென்னையின் தேர்ந்த பின்னணிக் குரல்கள். எங்களைப்பற்றிய பாட்டு அது. முப்பத்தோராண்டு கழித்து வந்ததோ எங்களில் சிலர் எழுதிய பாட்டு. 'பற்றி' என்னும் சொல்லுருபு ஒன்று விலகுவதற்கு ஒரு தலைமுறைக்கு மேல் ஆகியிருக்கின்றது.

மொழியைப்பற்றிச் சிறிது விரிவாகச் சொல்ல வேண்டும். இக்கட்டுரையின் வேர் அங்கேதான் இருக்கின்றது. சென்ற ஆண்டு ஒரு கூட்டத்தில் இப்பாட்டை நான் எடுத்துச் சொன்னபோது தமிழ் நன்கறிந்த பெரியவர் ஒருவர், "இதையெல்லாம் தமிழ் என்று மேடையில் பேசலாமா?" என்று கேட்டார். அன்று எனக்கு விடை வரவில்லை. நாவை அடக்கிக்கொண்டு அமர்ந்துவிட்டேன். விடையை இப்போது எழுதுகின்றேன்.

தலைப்பையே எடுத்துக்கொள்வோம். 'வெயிட்' என்பது ஆங்கிலம். தமிழில் வல்லின மெய் மொழிக்கு ஈறாகாது. ஆதலால் தெருவில் நின்ற தமிழன் என்ன செய்தான்? டகரத்தை இரட்டித்து உகரம் ஏற்றி 'வெயிட்டு' ஆக்கினான். அவன் நன்னூல் படித்தவனல்லன். ஆயினும் அவன் நாவில் நன்னூல் இருக்கின்றது. விளைந்த சொல்லோ வன்தொடர்க் குற்றியலுகரம். 'செம்ம' என்பதைச் 'செம்மை'யின் தேய்ந்த வடிவாக நான் கொள்கின்றேன். இனி அலகிட்டுப் பாருங்கள். செம்/ம: நேர் நேர், தேமா. வெயிட்/டு: நிரைபு, பிறப்பு என்னும் வாய்பாடு. மாமுன் நிரை வந்ததால் இயற்சீர் வெண்டளை. தளை தட்டவில்லை, ஈற்றுச்சீர் பிறப்பு. ஒரு வெண்பாவின் கடைசி இரு சீராக இத்தலைப்பை வைத்து முடிக்கலாம். முயன்று பார்க்க விரும்பும் நண்பர்கள் முதல் மூன்றடியை எழுதி மலர்க் குழுவுக்கு அனுப்பலாம்.

ராப்பின் யாப்பும் அப்படி அந்நியமன்று. ஓர் அடிக்கு நான்கு தட்டு. நமக்கு நாற்சீர் அளவடி. அவர்கள் பதினாறு அடியை ஒரு கண்ணியாக அடுக்குவர். வேறுபாடு தொடையில் இருக்கின்றது. நாம் அடியின் முதலில் மோனையும் எதுகையும் தேடுகின்றோம். அவர்கள் அடியின் இறுதியில் இயைபு தேடுகின்றனர். தமிழ் ராப் பாடுவோர் இரண்டையும் கையாள்வதால் அடியின் தலையும் வாலும் ஒலிக்கின்றன. தொல்காப்பியர் செய்யுளியலில் இருபது வண்ணம் சொல்கின்றார். வல்லெழுத்து மிகுந்து வருவது வல்லிசை வண்ணம். அடியின் எல்லையைத் தாண்டி ஓடுவது முடுகு வண்ணம். ராப் பாடகன் மூச்சுவிடாமல் நான்கு தட்டின் வேலியைத் தாண்டி அடுத்த அடிக்குள் ஓடி, மீண்டும் சரியான தட்டில் வந்து விழுவதைக் கேட்கும்போதெல்லாம் எனக்கு 'முடுகு' என்னும் சொல்லே நினைவுக்கு வருகின்றது. தொல்காப்பியர் ராப்பைக் கண்டார் என்று நான் சொல்ல வரவில்லை. அப்படிச் சொல்லும் நண்பர்கள் நம் மன்றத்தில் ஏற்கெனவே போதிய அளவில் இருக்கின்றனர்.

அதே இசைத்தொகுப்பில் டோப்அடெலிக்ஸ் குழுவுக்குப் பங்குள்ள வேறு பாட்டுகளும் உண்டு: 'தெருவிளக்கு', 'போராடுவோம்', 'நிக்கல் நிக்கல்'. 'நிக்கல்' என்பது இந்தி. 'வெளியே போ' என்று பொருள். நகராட்சி வண்டி வரும் நாளில், கடைக்காரர் விரட்டும் நேரத்தில், இரயில் பெட்டியின் வாசலில், தாராவிப் பிள்ளைகள் பேசக் கற்பதற்குமுன் கேட்கக் கற்கும் சொல் அது. அது தமிழ்ப் பாட்டுக்குத் தலைப்பாகி, விரட்ட வந்தவனை நோக்கித் திரும்பி நிற்கின்றது. அவ்விடத்தில் தூய தமிழ்ச்சொல் ஒன்றைப் போட்டுப் பாருங்கள், பாட்டு செத்துப்போகும். ஏனெனில் எங்களை யாரும் தூய தமிழில் விரட்டியதில்லை. 1966இல் சிவசேனை தோன்றிய பிறகு தென்னாட்டார்க்கு எதிராக எழுந்த கூச்சலைக் கேட்டவள் என் ஆச்சி. அவளை அழைத்த பெயர்களும் வேறு மொழியிலேயே இருந்தன.

பாட்டின் குறையையும் சொல்லிவிடுகின்றேன். 'செம்ம வெயிட்டு' தலைவனைப் புகழும் பாட்டு. திணை சொன்னால் பாடாண். தாராவிப் பையன்களுக்கு வாய் கிடைத்ததும் அவர்கள் முதலில் செய்ய நேர்ந்தது ஒரு நாயகனைப் புகழ்வது என்பது எனக்குச் சற்று வருத்தமே. தம் நோவைப் பாட அவர்களுக்குக் கிடைத்த இடம் 'தெருவிளக்கு'. எனக்கு அதுவே உகந்தது. விளக்கடியில் படித்தவர்கள் எங்கள் தெருவில் உண்டு. எமோவைத் தேடி வந்த நண்பரும் அங்கேதான் இளைப்பாறுவார். ஆயினும் கதவைத் திறந்தது இந்த முரட்டுப் பாடாண்தான். இன்னொரு வேடிக்கையும் உண்டு. படப்பிடிப்பு 2017 மே மாதம் மும்பையில் தொடங்கிற்று. பின்னர் எங்கள் தெருக்களைச் சென்னையில் செட்டாக எழுப்பிப் படமெடுத்தனர். திரையில் பார்த்த ஆச்சி, "தண்ணிக் குழாயில கூட்டமே இல்லையே" என்று ஒரே வரியில் விமரிசனத்தை முடித்தாள்.

2018இல் திரைக்கதையாக இருந்தது இன்று அறிவிப்புத் தாளாக ஒட்டப்பட்டிருக்கின்றது. தாராவி மறுசீரமைப்புத் திட்டத்துக்கு மாநில அரசு 2004இல் இசைவு தந்தது. பல ஏலங்கள் கூடிக் கலைந்தபின் 2022 நவம்பரில் அதானி குழுமத்தின் 5,069 கோடி ரூபாய்க் கேட்பு வென்றது. 2000ஆம் ஆண்டு சனவரி 1ஆம் நாளுக்கு முன்பிருந்து தரைத்தளத்தில் வாழ்வோர்க்கு அங்கேயே 350 சதுர அடி வீடு என்பது விதி. எங்கள் கோலி தரைத்தளம், அட்டை இருக்கின்றது. ஏணிக்கு மேலே இருக்கும் சித்தப்பாவுக்கு அவ்விதி பொருந்தாது. கணக்கெடுக்க வந்தவர்கள் கதவில் எண் எழுதிச் சென்ற அன்று, அவர் குடத்தை எடுத்துக் கைப்பேசியை அதனுள் வைத்துப் பழைய பாட்டுகளை மீண்டும் போட்டார். 'செம்ம வெயிட்டு' வந்தபோது விரலால் தள்ளி அடுத்ததற்குப் போனார்.

இதுவரை எழுதாமல் ஒளித்த ஒன்று உண்டு. 2018 சூன் மாதம் பள்ளி திறந்தபோது வகுப்பே இப்பாட்டை மேசையில் தட்டிப் பாடிக்கொண்டிருந்தது. தமிழ் தெரியாத பையன்களும் பாடினர். ஒருவன் எழுந்து, "இங்கே யாராவது தாராவிக்குள் போயிருக்கிறீர்களா?" என்று கேட்டான். நான் பேசவில்லை. பள்ளிப் பதிவேட்டில் என் முகவரி மாஹிம் என்றிருந்தது. அப்பா அப்படி எழுதச் சொன்னார். அவருக்கு வேலை கொடுத்தவர் ஒருவர் முன்னொரு நாள் முகவரியைப் பார்த்ததும் தாளைத் திருப்பித் தந்திருக்கின்றார். நடந்தே போகும் தொலைவு. பொய் என்றும் சொல்ல முடியாது. மாஹிமின் அஞ்சல் எண் 400016, எங்களுடையது 400017. அந்த ஓர் எண்ணைப் பன்னிரண்டு ஆண்டு நான் குறைத்தே எழுதி வந்தேன். இரயிலிலிருந்து நண்பர்களோடு மேற்குப் பக்கம் இறங்கி, மாதா கோயில்வரை நடந்து, அவர்கள் மறைந்ததும் மேம்பாலம் ஏறிக் கிழக்கே திரும்பிவந்த மாலைகளும் உண்டு. டோனியும் இராஜேஷும் ஊரறியத் தாராவி என்று முழங்கிய அதே மாதத்தில், அவர்கள் தெருவுக்கு அடுத்த தெருக்காரன் ஒருவன் வகுப்பில் வாய்மூடி அமர்ந்திருந்தான். பெரியவரின் கேள்விக்கு முன்னால் வாய்மூடியதும் அதே வாய்தான்.

மலர் அச்சானதும் படியை அனுப்ப முகவரி கேட்டிருக்கின்றார் நண்பர். கட்டுரையின் கடைசித் தாளின் பின்புறத்தில் எழுதியிருக்கின்றேன். கோலி எண், சந்தின் பெயர், தாராவி, மும்பை 400017. நேரில் கொண்டுவந்து தர நினைத்தால் மாஹிமில் இறங்கிக் கிழக்குப் படிக்கட்டைப் பிடிக்க வேண்டும். மாலை ஆறு மணிக்குமேல் தண்ணீர் வரும். அப்போது சந்தில் குடங்கள் நிற்கும், பார்த்து வரவும். ஒலிபெருக்கிக் குடம் மட்டும் வரிசையில் இராது; அது சித்தப்பாவோடு மாடியில் இருக்கும்.